பிஎஸ்2 ஃபைல் மேனேஜர்: எது நடக்கவில்லை என்று பார்த்து எங்கே சரி செய்வது

பெங்களூரில் எஸ்.பி. ரோட்டிலும் மெஜஸ்டிக் பக்கம் நேஷனல் மார்க்கெட்டிலும் கை மாறுகிற பழைய பிளேஸ்டேஷன் 2-களில் பல, ஃப்ரீ எம்சிபூட் (கன்சோலில் வெளி மென்பொருள்களைத் திறக்க உதவும் மென்பொருள்) போட்ட மெமரி கார்டோடுதான் வீட்டுக்கு வருகின்றன. கார்டுக்குள் யூலாஞ்ச்எல்ஃப் அல்லது அதன் வழிவந்த டபிள்யூலாஞ்ச்எல்ஃப் என்ற ஃபைல் மேனேஜர் இருக்கும். இரண்டும் ஒரே குடும்பம், பட்டன்களும் மெனுவும் கிட்டத்தட்ட ஒன்றுதான். இங்கே இரண்டையும் லாஞ்ச்எல்ஃப் என்றே சொல்கிறோம். 'பெட்டி போய்விட்டது' என்று கடைக்குத் தூக்கிக்கொண்டு போகிற பல தகராறுகளில் பெட்டிக்கு ஒரு குறையும் இருப்பதில்லை. பென் டிரைவ் ஃபார்மட் செய்த விதத்திலோ ஃபைலைக் காப்பி செய்த விதத்திலோதான் கோளாறு இருக்கும்.

எதைத் தொடுவதற்கு முன்பும் சேவ்களைப் பென் டிரைவுக்கு எடுத்துவிடுங்கள். கன்சோலும் கார்டும் இன்னொன்று கிடைக்கும். இருபது வருடத்துக்கு முன்பு அண்ணனும் தம்பியும் சேர்ந்து ஆடி முடித்த சேவ் எந்தக் கடையிலும் கிடைக்காது. எடுக்கும் முறை மூன்றாவது பகுதியில் இருக்கிறது. அதைப் படிக்காமல் டெலீட், ஃபார்மட் இரண்டையும் தொட வேண்டாம்.

பட்டன் பற்றி ஒரு வார்த்தை. வட்டமா எக்ஸா எது 'ஓகே' என்பது செட்டிங்கைப் பொறுத்து மாறும். திரையின் அடிவரியில் எந்தப் பட்டன் எதற்கு என்று எழுதியே இருக்கும், அதைப் பார்த்து அழுத்துங்கள். காப்பி, பேஸ்ட் எல்லாம் இருக்கிற மெனு ஆர்1 அழுத்தினால் வரும்.

1. பென் டிரைவ் சொருகியும் 'மாஸ்' காலியாக இருக்கிறது

அடிக்கடி வருகிற தகராறு இதுதான். ஃபைல் பிரவுசரைத் திறந்தால் எம்சி0, எம்சி1, மாஸ், மிஸ்க் என்று வரிசையாக இருக்கும். எம்சி0, எம்சி1 என்பவை இரண்டு மெமரி கார்டு ஸ்லாட்கள், மாஸ் என்பதுதான் யூஎஸ்பி. அதற்குள் போனால் ஒன்றுமே இல்லை.

முதலில் ஒரு பத்து விநாடி பொறுங்கள். யூஎஸ்பி டிரைவர் ஏறி, பென் டிரைவ் பதில் சொல்லக் கொஞ்ச நேரம் ஆகும். ஒரு படி மேலே போய் மறுபடி உள்ளே வாருங்கள். பென் டிரைவில் விளக்கு இருந்தால் அதைக் கவனியுங்கள். விளக்கே எரியவில்லை என்றால் போர்ட்டிலோ கரண்டிலோ பிரச்சினை, பக்கத்துப் போர்ட்டில் போட்டுப் பாருங்கள். எரிந்து, இரண்டு மூன்று முறை மினுக்கி, அப்படியே நின்றுவிட்டால் கன்சோல் டிரைவைப் பார்த்துவிட்டது, ஆனால் உள்ளே எழுதியிருக்கும் முறை அதற்குப் புரியவில்லை. கோளாறு ஃபார்மட்டில்.

பழைய லாஞ்ச்எல்ஃப் பதிப்புகளுக்கு ஃபேட்32 தெரியும், எக்ஸ்ஃபேட் தெரியாது. கடையில் வாங்குகிற 64 ஜிபி, 128 ஜிபி டிரைவ்கள் பெரும்பாலும் எக்ஸ்ஃபேட்டில் வருகின்றன. புதிய டபிள்யூலாஞ்ச்எல்ஃப் பதிப்புகள் எக்ஸ்ஃபேட்டையும் படிக்கும். ஆனால் உங்கள் கார்டில் இருப்பது எந்தக் காலத்துப் பதிப்பு என்று தெரியாதவரை ஃபேட்32 போடுவதே நல்லது. என்டிஎஃப்எஸ் வேண்டவே வேண்டாம்.

இன்னொரு காரணம் வெளியே தெரியாது. டிரைவ் ஃபேட்32-ஆகவே இருக்கும், ஆனால் பார்ட்டிஷன் அட்டவணை (டிரைவ் எப்படிப் பிரிக்கப்பட்டிருக்கிறது என்ற குறிப்பு) ஜிபிடி முறையில் இருக்கும். பிஎஸ்2-க்கு வேண்டியது எம்பிஆர். வெறுமனே ரைட் கிளிக் செய்து ஃபார்மட் கொடுத்தால் இந்த அட்டவணை மாறாது. 'மூன்று தடவை ஃபார்மட் செய்தும் வரவில்லை' என்றால் இதைச் சந்தேகப்படுங்கள்.

விண்டோஸ் கணினியில் சரி செய்யும் முறை: கமாண்ட் பிராம்ப்ட்டை அட்மினாகத் திறந்து டிஸ்க்பார்ட் என்று அடியுங்கள். லிஸ்ட் டிஸ்க் கொடுத்தால் எல்லா டிஸ்க்கும் எண்ணோடு வரும். கொள்ளளவைப் பார்த்து உங்கள் பென் டிரைவ் எந்த எண் என்று உறுதி செய்துகொள்ளுங்கள். இங்கே எண் தவறினால் கணினியின் ஹார்டு டிஸ்க்கே காலியாகிவிடும், அதனால் மற்ற பென் டிரைவ், போர்ட்டபிள் டிஸ்க் எல்லாவற்றையும் முன்னதாகவே கழற்றிவிடுங்கள். பிறகு செலக்ட் டிஸ்க் என்று அந்த எண், அடுத்து க்ளீன், கன்வர்ட் எம்பிஆர், கிரியேட் பார்ட்டிஷன் ப்ரைமரி. 32 ஜிபி வரை விண்டோஸ் ஃபார்மட் திரையிலேயே ஃபேட்32 கிடைக்கும். அதற்கு மேல் பெரும்பாலான கணினிகளில் அந்தத் தேர்வு வராது. ரூஃபஸ் மென்பொருளில் 'பூட் வேண்டாம்', எம்பிஆர், ஃபேட்32 என்று தேர்ந்தெடுத்தால் இந்த எல்லா வேலையும் ஒரே திரையில் முடிந்துவிடும்.

இத்தனைக்குப் பிறகும் காலியாகவே இருந்தால் வேறு பென் டிரைவ் போட்டுப் பாருங்கள். பிஎஸ்2-இன் போர்ட் யூஎஸ்பி 1.1. சில புதிய யூஎஸ்பி 3 டிரைவ்கள் அந்த வேகத்துக்கு இறங்கி ஒழுங்காகப் பேசுவதில்லை. மேசை டிராயரில் கிடக்கும் பழைய 4 ஜிபி, 8 ஜிபி டிரைவ்தான் இதற்குக் கைகொடுக்கும். போர்ட்டபிள் ஹார்டு டிஸ்க் சொருகியிருந்தால், டிக் டிக் என்று சத்தம் வந்து நின்றுபோவது கரண்ட் போதாததால். தனி பவர் அடாப்டர் உள்ள யூஎஸ்பி ஹப் வழியாகப் போடுங்கள்.

2. காப்பி ஆமை வேகம், அல்லது பாதியில் நிற்கிறது

வேகம் குறைவு என்பது கோளாறு இல்லை. யூஎஸ்பி 1.1-இன் உச்சமே விநாடிக்கு 12 மெகாபிட், கைக்கு வருவது விநாடிக்கு ஏறக்குறைய 1 எம்பி. 700 எம்பி ஃபைலுக்குப் பன்னிரண்டு நிமிடமாவது ஆகும்.

பாதியில் நின்றால் இரண்டைப் பாருங்கள். ஃபைல் 4 ஜிபியைத் தாண்டுகிறதா? ஃபேட்32-இல் ஒரு ஃபைல் அதற்கு மேல் இருக்க முடியாது. மெமரி கார்டுக்குத்தான் காப்பி செய்கிறீர்கள் என்றால் இடம் இருக்கிறதா? சோனி கார்டு 8 எம்பிதான், ஃப்ரீ எம்சிபூட்டும் நாலு எல்ஃப் ஃபைலும் (பிஎஸ்2-இல் ஓடும் மென்பொருள் ஃபைல்) இருந்தாலே பெரும்பகுதி போய்விடும். ஆர்1 மெனுவில் கெட் சைஸ் கொடுத்து அளவைப் பார்த்த பிறகு காப்பியைத் தொடங்குங்கள்.

மெமரி கார்டில் எழுதிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போனால் அந்த ஒரு ஃபைல் மட்டும் கெடும் என்று நினைக்காதீர்கள். கார்டின் இட அட்டவணையே பாதியில் நின்றிருக்கலாம். மாலையில் மழை பிடித்து விளக்கு கண் சிமிட்டத் தொடங்கினால் கார்டில் எழுதுகிற வேலையை மறுநாளைக்குத் தள்ளுங்கள். இன்வர்ட்டர் லைனில் கன்சோலைப் போட்டாலும் சரி.

3. சேவ் காப்பி ஆகிறது, ஆனால் கேம் அதை ஏற்கவில்லை

ஃபோல்டர் இருக்கிறது, உள்ளே ஃபைல்களும் அளவும் சரியாக இருக்கின்றன. ஆனால் கன்சோலின் பிரவுசரில் 'கெட்டுப்போன டேட்டா' என்று வருகிறது, அல்லது கேம் 'சேவ் இல்லை' என்கிறது.

மெமரி கார்டில் ஒவ்வொரு சேவ் ஃபோல்டருக்கும் ஃபைலைத் தவிர வேறு விவரங்களும் உண்டு: உருவான நேரம், மாற்றிய நேரம், சில தனிக் குறிகள். ஃபேட்32-இல் இவற்றை அப்படியே வைக்க இடமில்லை. சாதாரண பேஸ்ட் கொடுத்தால் அவை போய்விடும். சில கேம்கள் கண்டுகொள்ளாது, சில கேம்கள் மறுத்துவிடும்.

அதற்காகத்தான் ஆர்1 மெனுவில் பேஸ்ட்டுக்குப் பக்கத்தில் எம்சிபேஸ்ட், பிஎஸ்யுபேஸ்ட் என்று இரண்டு இருக்கின்றன. எம்சிபேஸ்ட் கொடுத்தால் ஃபோல்டரோடு அந்த விவரங்களையும் ஒரு சின்ன ஃபைலாக எழுதி வைக்கும். பென் டிரைவைக் கணினியில் திறந்தால், பெயரில் 'பேக்கப் ஆட்ரிப்யூட்ஸ்' என்று வருகிற ஒரு ஃபைல் ஃபோல்டருக்குள் தெரியும். வேண்டாத ஃபைல் என்று அதை அழித்தால் விவரம் போயிற்று. பிஎஸ்யுபேஸ்ட் இன்னும் நல்லது: முழு சேவ் ஃபோல்டரையும் ஒரே பிஎஸ்யு ஃபைலாகக் கட்டிக் கொடுத்துவிடும். கணினியில் வைக்கவும் நண்பருக்கு அனுப்பவும் இதுவே வசதி.

செய்முறை: எம்சி0 உள்ளே போய், சேவ் ஃபோல்டர்களைச் சதுரப் பட்டனால் குறியிட்டு, ஆர்1, காப்பி. பிறகு மாஸ் உள்ளே புதிதாக ஒரு ஃபோல்டர் உருவாக்கி, ஆர்1, பிஎஸ்யுபேஸ்ட். திரும்பக் கார்டுக்குக் கொண்டுபோகும்போதும் அதே பிஎஸ்யுபேஸ்ட்தான். எம்சிபேஸ்ட்டால் எடுத்ததை எம்சிபேஸ்ட்டாலேயே வையுங்கள்.

முறைப்படி எடுத்த சேவ் ஃபோல்டரையும் கேம் ஏற்கவில்லை என்றால் ஃபோல்டர் பெயரின் முதல் இரண்டு எழுத்தைப் பாருங்கள். பிஇ என்றால் ஐரோப்பிய, அதாவது 'பால்' என்ற டிவி முறைக்கான பதிப்பின் சேவ். பிஏ அமெரிக்கா, பிஐ ஜப்பான். உங்கள் டிஸ்க் பால் பதிப்பாக இருந்து, இணையத்தில் எடுத்த சேவ் பிஏ என்று தொடங்கினால் கேம் அதைத் தேடவே தேடாது. ஃபோல்டர் பெயரை மாற்றினால் சரியாகிவிடும் என்று பலர் முயல்கிறார்கள். உள்ளே இருக்கிற ஃபைல் பெயரும் மாற வேண்டியிருக்கும், அப்படியும் எல்லாக் கேமும் ஏற்பதில்லை. டிஸ்க்குக்கு ஏற்ற சேவ் ஃபைலைத் தேடுவது நேரத்தை மிச்சப்படுத்தும்.

கன்சோலின் சொந்த பிரவுசரில் 'இதைக் காப்பி செய்ய முடியாது' என்று தடுக்கிற சேவ்கள் சில உண்டு. லாஞ்ச்எல்ஃப் அந்தத் தடையைப் பார்ப்பதில்லை, எடுத்துவிடலாம்.

4. ஃப்ரீ எம்சிபூட் ஃபைல்களை இன்னொரு கார்டில் காப்பி செய்தும் பூட் ஆகவில்லை

இது காப்பியால் நடக்கிற காரியமே இல்லை. எத்தனை முறை பேஸ்ட் செய்தாலும், எம்சிபேஸ்ட் கொடுத்தாலும் நடக்காது.

கன்சோல் எழும்போது கார்டில் சிஸ்டம் அப்டேட் இருக்கிறதா என்று பார்க்கும். ஃப்ரீ எம்சிபூட் அந்த வாசல் வழியாகத்தான் நுழைகிறது. ஆனால் அந்த அப்டேட் ஃபைல் மேஜிக்கேட் என்ற சோனியின் பாதுகாப்பு முறையில் பூட்டப்பட்டிருக்கும், அந்தப் பூட்டு குறிப்பிட்ட அந்த ஒரு கார்டோடு கட்டப்பட்டது. வேறு கார்டில் வைத்தால் பூட்டு பொருந்தாது, கன்சோல் அதைத் தாண்டி வழக்கமான மெனுவுக்குப் போய்விடும். புதுக் கார்டுக்கு இன்ஸ்டாலரைத்தான் ஓட்ட வேண்டும், அது கன்சோலையே கேட்டு அந்தக் கார்டுக்கென்று புதிதாகப் பூட்டிக் கொடுக்கும்.

இன்ஸ்டாலரை ஓட்டும்போது செய்கிற தவறு, எல்ஃப் ஃபைலை மட்டும் பென் டிரைவில் போடுவது. ஜிப்பை விரித்து, இன்ஸ்டால் என்ற ஃபோல்டரும் மற்றவையும் எல்ஃப் பக்கத்திலேயே இருக்கும்படி முழுதாகக் காப்பி செய்யுங்கள். பழைய கார்டில் பூட் செய்து, லாஞ்ச்எல்ஃப் வழியாக இன்ஸ்டாலரைத் திறந்து, இரண்டாவது ஸ்லாட்டில் புதுக் கார்டை வைத்து இன்ஸ்டால் கொடுங்கள்.

அப்படியும் தோற்றால் கார்டைச் சந்தேகப்படுங்கள். மேஜிக்கேட் இல்லாத மலிவுக் கார்டுகள் சேவ் வைக்க உதவும், ஃப்ரீ எம்சிபூட்டை ஏற்காது. மேலே சோனி என்று அச்சடித்திருப்பது மட்டும் சாட்சி ஆகாது. வாங்கும்போதே கடையில் ஒரு கன்சோலில் பூட் செய்து காட்டச் சொல்லுங்கள்.

கார்டு நல்லது, இன்ஸ்டாலும் ஆகிறது, ஆனால் உங்கள் கன்சோலில் மட்டும் எழவில்லையா? பெட்டியைத் திருப்பி ஸ்டிக்கரைப் பாருங்கள். மாடல் எஸ்சிபிஹெச்-90000 வரிசையாக இருந்தால் டேட் கோட் எங்கே என்று தேடுங்கள். எண் வருடம், எழுத்து காலாண்டு: 8சி என்றால் 2008-இன் மூன்றாம் காலாண்டு. ஏறக்குறைய அங்கிருந்து வந்த பெட்டிகளில் ரோம் (கன்சோலுக்குள்ளேயே பதிந்திருக்கும் மென்பொருள்) 2.30, அதில் அப்டேட் வாசலையே மூடிவிட்டார்கள். அந்தப் பெட்டிக்கு ஃப்ரீ எம்சிபூட் பயன்படாது. ஓப்பன்டூனா போட்ட கார்டு, அல்லது 2020-இல் வந்த ஃப்ரீடிவிடிபூட் டிஸ்க், இரண்டில் ஒன்றைப் பிடியுங்கள். ஃப்ரீடிவிடிபூட்டுக்குக் கன்சோலின் மொழியை ஆங்கிலத்தில் வைக்க வேண்டும், லென்ஸும் நன்றாக இருக்க வேண்டும்.

5. ஒரு ஃபைலை டெலீட் செய்தேன், கார்டே கோளாறு ஆகிவிட்டது

ஃப்ரீ எம்சிபூட்டை எல்லாப் பகுதிக் கன்சோலுக்கும் சேர்த்துப் போடுகிற மல்டி இன்ஸ்டால் முறையில், இடம் மிச்சப்படுத்த ஒரே டேட்டாவைப் பல ஃபைல் பெயர்கள் பகிர்ந்துகொள்ளும். ஃபைல் மேனேஜருக்கு இது தெரியாது. 'இது ஜப்பான் ஃபோல்டர், நமக்கு எதற்கு' என்று அதை டெலீட் செய்தால், அந்த இடம் காலி என்று குறிக்கப்படும். மற்ற பெயர்கள் இன்னும் அதே இடத்தைக் காட்டிக்கொண்டிருக்கும். அடுத்த முறை ஒரு கேம் சேவ் செய்யும்போது அந்த இடத்தின் மேலேயே எழுதும். அன்றைக்கு ஒன்றும் தெரியாது. பத்து நாள் கழித்துப் பூட் ஆகாது, அல்லது சேவ் கெடும்.

ஏற்கெனவே டெலீட் செய்துவிட்டீர்கள் என்றால் அந்தக் கார்டில் இனி எதையும் எழுதாதீர்கள். சேவ்களை பிஎஸ்யுவாக எடுத்துவிட்டு, இன்ஸ்டாலரில் உள்ள ஃபார்மட்டைக் கொடுத்து, புதிதாகப் போடுங்கள். இந்த முறை உங்கள் கன்சோலின் பகுதிக்கு மட்டும் போடுகிற சாதாரண இன்ஸ்டாலைத் தேர்ந்தெடுங்கள்.

6. எல்ஃப் ஃபைலைத் திறந்தால் கருந்திரை

பெரிய எல்ஃப் பென் டிரைவிலிருந்து ஏறச் சில விநாடி ஆகும், அவசரப்பட்டு ரீசெட் அழுத்த வேண்டாம். அரை நிமிடம் ஆகியும் கருப்பாகவே இருந்தால், கணினியில் உள்ள மூல ஃபைலின் அளவையும் இங்கே கெட் சைஸ் காட்டுவதையும் பைட் கணக்கில் ஒப்பிடுங்கள். ஒரு பைட் வித்தியாசம் இருந்தாலும் மறுபடி காப்பி. எஃப்டிபி (கணினியிலிருந்து நெட்வொர்க்கில் ஃபைல் அனுப்பும் முறை) வழியாக அனுப்பிய ஃபைல் என்றால், டெக்ஸ்ட் முறையில் போய்க் கெட்டிருக்க வாய்ப்பு அதிகம். பைனரி முறையில் அனுப்புங்கள்.

அளவு சரி என்றால், அந்த மென்பொருள் தன் பக்கத்திலேயே வேறு ஃபைல்களை எதிர்பார்க்கிறதா என்று அதன் ரீட்மீயில் பாருங்கள். லாஞ்ச்எல்ஃபில் திறக்கிறது, ஃப்ரீ எம்சிபூட் மெனுவிலிருந்து மட்டும் திறக்கவில்லை என்றால் மெனுவில் எழுதிய பாதை தவறு. மெமரி கார்டில் ஆங்கிலச் சின்ன எழுத்தும் பெரிய எழுத்தும் வேறு வேறு. ஃபோல்டருக்குத் தமிழில் பெயர் வைத்தாலும் இந்த மென்பொருள்களின் எழுத்துருவில் தமிழ் இல்லை. ஆங்கில எழுத்து, எண் மட்டும் வைத்து, பெயரைச் சுருக்கமாக வையுங்கள்.

7. படம் கறுப்பு வெள்ளை, ஓடுகிறது, அல்லது வரவே இல்லை

கறுப்பு வெள்ளையாகவோ மேலும் கீழும் ஓடிக்கொண்டோ இருந்தால், கான்ஃபிக்கில் ஸ்க்ரீன் செட்டிங்ஸ் உள்ளே டிவி மோடை பால், என்டிஎஸ்சி என்று மாற்றிப் பாருங்கள். ஓரம் வெட்டுப்பட்டால் அங்கேயே எக்ஸ், ஒய் ஆஃப்செட் இருக்கிறது.

480பி வைத்ததும் படம் மறைந்துவிட்டதா? மஞ்சள் பிளக் வழியாக 480பி போகவே போகாது. பச்சை, நீலம், சிவப்பு என்று மூன்று பட வயர் உள்ள காம்பொனன்ட் கேபிள் வேண்டும். அந்தக் கேபிள் கைக்குக் கிடைத்தால் போட்டு, செட்டிங்கைத் திருப்பிவிடுங்கள். கிடைக்காவிட்டால் வேறொரு கன்சோலில் உங்கள் கார்டை இரண்டாவது ஸ்லாட்டில் வைத்து, சிஸ்-கான்ஃப் ஃபோல்டரில் லாஞ்ச்எல்ஃப் என்ற பெயரோடு சிஎன்எஃப் என்று முடிகிற ஃபைலை மட்டும் எடுத்துவிடுங்கள். பக்கத்திலேயே ஃப்ரீ எம்சிபூட்டின் செட்டிங் ஃபைலும் சிஎன்எஃப் என்றுதான் முடியும், அதைத் தொட வேண்டாம்.

ஃப்ரீ எம்சிபூட்டின் செட்டிங்கே குழம்பி மெனு வராமல் போனால் அதற்கு ஓர் அவசர வழி உண்டு. ஒரு ஃபைல் மேனேஜர் எல்ஃபை ரெஸ்க்யூ என்று ஆங்கிலப் பெரிய எழுத்தில் பெயர் மாற்றி, எல்ஃப் என்ற பின்னொட்டோடு பென் டிரைவில் எந்த ஃபோல்டருக்குள்ளும் போடாமல் வெளியிலேயே வையுங்கள். ஆர்1, ஸ்டார்ட் இரண்டையும் பிடித்தபடி கன்சோலை ஆன் செய்தால் நேராக அது திறக்கும்.

8. கார்டே தெரியவில்லை

கழற்றி, கார்டின் வாய்க்குள் பாருங்கள். தங்க நிறத் தகடுகள் மங்கிக் கறுத்திருந்தால், ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் பஞ்சுக் குச்சியை லேசாக நனைத்து, தகடு நீள்கிற திசையிலேயே துடைத்து, ஐந்து நிமிடம் காயவிட்டுப் போடுங்கள். வாயால் ஊதினால் எச்சில் ஈரம் பட்டு இன்னும் கறுக்கும். அடுத்த ஸ்லாட்டில் தெரிகிறது என்றால் கோளாறு கார்டில் இல்லை, ஸ்லாட்டில்.

9. எஃப்டிபி இணைப்பு கிடைக்கவில்லை

மிஸ்க் உள்ளே பிஎஸ்2நெட்டைத் திறந்தால் எஃப்டிபி தொடங்கும். முகவரி, சிஸ்-கான்ஃப் ஃபோல்டரில் ஐபிகான்ஃபிக் என்ற பெயரோடு டிஏடி என்று முடிகிற ஃபைலில் ஒரே வரியில் இருக்கும்: முதலில் கன்சோலின் ஐபி, ஓர் இடைவெளி, நெட்மாஸ்க், ஓர் இடைவெளி, ரூட்டரின் முகவரி. பெரும்பாலும் 192.168.0.10 என்று இருக்கும். உங்கள் ரூட்டர் அந்த வரிசையில் இருக்க வேண்டும் என்று கட்டாயமில்லை. ஜியோ ஃபைபர் ரூட்டர் வழக்கமாக 192.168.29.1. அப்போது வரி இப்படி இருக்க வேண்டும்:

192.168.29.210 255.255.255.0 192.168.29.1

கடைசி எண்ணை வீட்டில் வேறு எந்தக் கருவிக்கும் போகாததாக வையுங்கள். கணினியில் ஃபைல்ஜில்லா என்ற எஃப்டிபி மென்பொருளில் சாதாரண எஃப்டிபி, ஒரே நேரத்தில் ஒரு இணைப்பு மட்டும் என்று செட்டிங்கை வையுங்கள். இரண்டு மூன்று இணைப்பு திறந்தால் பிஎஸ்2 திணறிப் பாதியில் விட்டுவிடும்.

10. ஹார்டு டிஸ்க்கில் பார்ட்டிஷன் திறக்கவில்லை

நெட்வொர்க் அடாப்டர் மாட்டிய பழைய பெரிய பெட்டிகளுக்கு மட்டும் இது. கரண்ட் போன பிறகு திறக்கவில்லை என்றால் ஹெச்டிடி மேனேஜரில் ஃபார்மட் கொடுக்காதீர்கள், ஹெச்டிடிசெக்கர் என்ற எல்ஃபை ஓட்டிப் பாருங்கள், பெரும்பாலும் மீளும். டிஸ்க்கைக் கணினியில் மாட்டினால் 'இனிஷியலைஸ் செய்யவா' என்று விண்டோஸ் கேட்கும். டிஸ்க்கைப் பிரிக்கிற பிஎஸ்2-இன் ஏபிஏ முறை விண்டோஸுக்குத் தெரியாது. கேன்சல் கொடுங்கள்.

11. காப்பி செய்த ஃபைலின் தேதியெல்லாம் தப்பாக இருக்கிறது

ஆன் செய்யும்போதெல்லாம் கன்சோல் மொழியும் நேரமும் கேட்கிறது என்றால் உள்ளே இருக்கிற சிஆர்2032 பேட்டரி தீர்ந்துவிட்டது. பெட்டியைத் திறந்து மாற்றுங்கள். கடையில் மாற்றக் கொடுத்தால் மெமரி கார்டைக் கழற்றி வீட்டிலேயே வைத்துவிட்டுப் போங்கள்.